இறுதி உதையும் வரலாற்றுப் பழியும்

ஒரு போட்டியின் முடிவை மக்கள் நினைவிற் கொள்ளும் முறையும், ஒரு காலத்தின் போக்கை அவர்கள் நினைவிற் கொள்ளும் முறையும் பெரிதும் ஒத்தவை. நீண்டு சென்ற நிகழ்ச்சித் தொடர் மறைந்துபோக, அதன் இறுதிக் கணம் மட்டும் நெஞ்சில் நிற்கிறது. அக்கணத்தில் முன் நின்றவன் எவனோ அவனே வெற்றிக்கு உரியவனாகவும் தோல்விக்குப் பொறுப்பாளியாகவும் கொள்ளப்படுகின்றான். இறுதியில் நிகழ்ந்தது ஒன்று. முடிவைத் தோற்றுவித்தது இன்னொன்று. இவ்விரண்டையும் பிரித்தறிவதே வரலாறு பயில்வோனின் முதற் கடமை எனலாம். இப்பிரிவினையை விளக்குதற்குப் பேரரசுகளின் வீழ்ச்சியைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதில்லை. விளையாட்டுக் களத்தில் ஆட்டத்தை முடித்துவைக்கும் ஓர் உதையே போதுமானது. அவ்வுதையின் வரலாற்றை அமெரிக்க மண்ணிலும், இந்திய உதைபந்தாட்டத்திலும், நம் நாட்டிலும் நோக்கி, அது வன்னி மாணவர்க்கு உணர்த்துவது யாது என ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

உதைக்கென ஓர் ஆள்

அமெரிக்கர் 'புட்போல்' என வழங்கும் ஆட்டம் நாம் ஆடும் உதைபந்தாட்டம் அன்று. றகர் ஆட்டத்தின் வழிவந்த அதில், முட்டை வடிவான பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் முன்னேறுவதே பெருவழக்கு. எனினும், முன்னேற்றம் தடைப்படும்போது பந்தை நிலத்தில் நிறுத்தி, எதிரணியின் எல்லையில் நடப்பட்ட இரு கம்பங்களுக்கிடையே குறுக்குச் சட்டத்துக்கு மேலாக உதைத்து அனுப்பினால் 3 புள்ளிகள் கிடைக்கும். இதனையே 'பீல்ட் கோல்' என்பர். தொழில்முறை ஆட்டத்தில் அக்கம்பங்களுக்கிடையே உள்ள அகலம் பதினெட்டரை அடி. குறுக்குச் சட்டத்தின் உயரம் 10 அடி. ஒருவர் பந்தைப் பின்னோக்கி அனுப்ப, மற்றொருவர் முழந்தாளிட்டு அதைப் பற்றி நிலத்தில் நிறுத்த, மூன்றாமவர் ஓடி வந்து உதைக்கிறார். இவை யாவும் ஏறத்தாழ ஒன்றரை நொடிக்குள் முடிந்துவிட வேண்டும். அதற்குள் எதிரணியினர் பாய்ந்து வந்து தடுக்கக்கூடும். உதைக்கும் தறுவாயில் எதிரணிப் பயிற்றுநர் இடைநிறுத்தம் கேட்டு, உதைப்பவரைச் சிந்தனையில் ஆழ்த்திக் கலங்கச் செய்ய முயல்வதும் உண்டு.

ஆட்டம் முழுவதும் ஏனையோர் மோதி விழுந்து எழுந்துகொண்டிருக்க, உதைப்பவர் களத்தின் ஓரத்திலே காத்திருக்கிறார். இறுதி நொடிகளில் அழைக்கப்படுகிறார். அவரது சீருடையில் சேறு இல்லை. உடலில் காயம் இல்லை. ஆனால் ஏனையோரின் உழைப்பு முழுவதும் அவரது பாதத்தின்மேல் வைக்கப்படுகிறது. அணியில் ஒருவராகவும் அணிக்குப் புறம்பானவராகவும் ஒருங்கே நிற்கும் இந்நிலையே அவரைப் பற்றிய புகழுக்கும் பழிக்கும் அடிப்படையாகும்.

புலம்பெயர்ந்தோரின் பாதம்

இப்புறத்தன்மை வேறொரு வகையிலும் உண்மையாயிற்று. 1960கள் வரை அமெரிக்க ஆட்டத்தில் பந்தை நேராக ஓடிவந்து பெருவிரல் முனையால் உதைப்பதே வழக்கமாயிருந்தது. இம்மரபை மாற்றியவர்கள் பெரும்பாலும் வெளிநாட்டிலிருந்து வந்தோரே. 1956ஆம் ஆண்டு ஹங்கேரியில் எழுந்த கிளர்ச்சி நசுக்கப்பட்டபின் குடும்பத்தோடு நாட்டை விட்டு வெளியேறிய பீற் கோகொலக், கோர்ணெல் பல்கலைக்கழகத்திற் பயின்று, 1964இல் பஃபலோ பில்ஸ் அணியிற் சேர்ந்தார். தம் தாய்நாட்டில் உதைபந்தாட்டத்திற் பழகியவாறு, பக்கவாட்டில் ஓடி வந்து புறங்காலால் உதைத்தார். முதலில் வியப்போடு நோக்கப்பட்ட அம்முறையே பின்னர் எல்லோருக்கும் உரிய முறையாயிற்று. 1966இல் போட்டிச் சங்கத்தைச் சேர்ந்த நியூயோர்க் ஜயன்ற்ஸ் அவரைத் தன்பால் ஈர்த்துக்கொண்டமை இரு தொழில்முறைச் சங்கங்களுக்கிடையே நிலவிய பூசலைக் கூர்மையாக்கிற்று. அதே ஆண்டில் அவை இணைவதற்கான உடன்பாடு ஏற்பட அதுவும் ஒரு தூண்டுகோலாயிற்று.

அவரைத் தொடர்ந்து பிறரும் வந்தனர். சைப்பிரஸ் தீவில் ஆர்மேனியக் குடும்பத்திற் பிறந்த காரோ யெப்ரெமியன் மயாமி அணிக்கும், நோர்வேயிலிருந்து பனிச்சறுக்குப் பாய்ச்சலுக்கான புலமைப்பரிசில் பெற்று வந்த யான் ஸ்ரெனெரூட் கன்சாஸ் நகர அணிக்கும் உதைத்தனர். 1971ஆம் ஆண்டு நத்தார் தினத்தன்று இவ்விரு அணிகளும் மோதின. ஆட்டத்தின் இறுதி நிமிடத்தில் 31 யார் தூரத்திலிருந்து ஸ்ரெனெரூட் உதைத்த பந்து இலக்குத் தவறியது. ஆட்டம் இரண்டாவது மேலதிக நேரத்துக்கு நீண்டு 82 நிமிடங்களைக் கடந்தபோது, யெப்ரெமியன் 37 யார் தூரத்திலிருந்து உதைத்து 27க்கு 24 என முடித்துவைத்தார். அச்சங்கத்தின் வரலாற்றில் மிக நீண்ட ஆட்டம் அதுவே. ஆனால் ஸ்ரெனெரூட்டின் வரலாறு அந்நாளோடு முடிந்துவிடவில்லை. 1991இல், உதைப்பதையே தனித்தொழிலாகக் கொண்டோருள் முதல்வராக அவர் அவ்வாட்டத்தின் புகழ்மன்றத்திற் சேர்க்கப்பட்டார். ஒரு நாளின் தவறு ஒரு வாழ்வின் அளவுகோல் ஆகாது என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

இவர்களோடு ரொம் டெம்ப்சியையும் சேர்த்தெண்ணுதல் தகும். பிறவியிலேயே வலப்பாதத்தில் விரல்களும் வலக்கையில் விரல்களும் இல்லாதவர் அவர். அப்பாதத்துக்கெனத் தனியே செய்யப்பட்ட தட்டை முகப்புச் சப்பாத்தை அணிந்து, 1970 நவம்பர் 8ஆம் நாள், ஆட்டத்தின் இறுதி நொடிகளில் 63 யார், அஃதாவது ஏறத்தாழ 57 மீற்றர் தூரம் உதைத்து, நியூ ஓர்லியன்ஸ் அணியை 19க்கு 17 என வெல்ல வைத்தார். 2013 வரை அத்தூரத்தை எவரும் கடக்கவில்லை. சப்பாத்தினால் அவருக்கு நன்மை கிடைத்தது என வாதிட்டோரும் உளர். 1977இல் உதைப்பவரின் காலணி பற்றிய விதியும் ஏற்பட்டது. முழுமையான பாதம் உடையோர் பலர் முயன்றும் எட்டாத தூரத்தை அவர் எட்டியபோது, குறை எனப்பட்டதே நன்மை எனக் குற்றம் சாட்டப்பட்டமை மனித மனத்தின் விந்தை எனலாம். கண்ணிவெடியாலும் எறிகணையாலும் காலிழந்தோர் பலர் வாழும் வன்னி மண்ணில், முகமாலை போன்ற இடங்களில் போர் முடிந்து பல்லாண்டுகளாகியும் கண்ணிவெடி அகற்றல் தொடர நேர்ந்த இம்மண்ணில், டெம்ப்சியின் வரலாறு வெறும் விளையாட்டுச் செய்தியாகத் தோன்றாது.

நாற்பது நிமிடங்களும் ஓர் உதையும்

இனி, இறுதி உதையே காரணம் எனும் கருத்தைச் சில ஆட்டங்களைக் கொண்டு சோதிப்போம்.

1971 ஜனவரி 17ஆம் நாள் நடைபெற்ற ஐந்தாவது சூப்பர் போல் இறுதியாட்டத்தில், முதலாண்டு வீரரான ஜிம் ஒபிறையன் இறுதி நொடிகளில் 32 யார் தூரத்திலிருந்து உதைத்து, பால்ற்றிமோர் அணிக்கு 16க்கு 13 என்ற வெற்றியைத் தேடித்தந்தார். நினைவில் நிற்பது அவ்வுதையே. ஆனால் அவ்வாட்டத்தில் இரு அணிகளும் பந்தை எதிரணியிடம் பறிகொடுத்த தடவைகள் 11. அவற்றுள் 7 வென்ற அணியினுடையவை. வென்ற அணி தன் தவறுகளால் ஆட்டத்தைப் பலமுறை இழக்கவிருந்து, ஈற்றில் தப்பிப் பிழைத்தது என்பதே பொருத்தமான விளக்கமாகும். ஒபிறையனின் பாதம் அத்தவறுகள் அனைத்தையும் மூடி மறைத்தது.

இதற்கு நேர்மாறானது 1991 ஜனவரி 27ஆம் நாள் நிகழ்ந்த இருபத்தைந்தாவது இறுதியாட்டம். நியூயோர்க் ஜயன்ற்ஸ் 20, பஃபலோ 19 என நிற்க, எட்டு நொடிகள் எஞ்சியிருந்தபோது ஸ்கொட் நோர்வூட் 47 யார் தூரத்திலிருந்து உதைத்தார். பந்து வலப்பக்கமாக விலகிச் சென்றது. அன்றிலிருந்து அவரது பெயர் தோல்வியின் மறுபெயராயிற்று. ஆயின் அவ்வாட்டத்தின் கணக்கை நோக்கின், 60 நிமிடங்களுள் 40 நிமிடங்களுக்கு மேலாகப் பந்து ஜயன்ற்ஸ் அணியின் வசமே இருந்தமை தெரியவரும். பந்து கையில் இல்லாத அணி புள்ளி பெறுவது எங்ஙனம்? அந்நாற்பது நிமிடங்களில் எதிரணியைத் தடுக்க இயலாதிருந்தவர் பலர். அவர்களுள் ஒருவரது பெயரையும் பொதுமக்கள் பழியோடு நினைவுகூர்வதில்லை. பலர் பங்குகொண்ட தோல்வி ஒருவர் தலையிற் சுமத்தப்பட்டது.

எனினும் பஃபலோ நகர மக்கள் ஒரு செயல் செய்தனர். அணி ஊர் திரும்பிய மறுநாள், நகரச் சதுக்கத்தில் ஆயிரக்கணக்காகத் திரண்டவர்கள் நோர்வூட்டின் பெயரைச் சொல்லியே அவரை முன்னே அழைத்து ஆரவாரித்தனர். கண்ணீர் மல்க அவர் நன்றி கூறினார். வரலாற்றாசிரியர் செய்ய வேண்டிய நியாயத்தை அவ்வூரார் ஒரே நாளிற் செய்துவிட்டனர் என்றே கூறத் தோன்றுகிறது.

வெற்றி வீரராகப் போற்றப்படும் அடம் வினற்றியேரியின் வரலாறும் ஈண்டு கருதத்தக்கது. 2002 ஜனவரியில் பனி கொட்டிய இரவொன்றில் 45 யார் தூரத்திலிருந்து உதைத்து ஆட்டத்தைச் சமப்படுத்தி, மேலதிக நேரத்தில் மீண்டும் உதைத்துத் தம் அணியை வெல்லச் செய்தார். அடுத்த மாதம் 3ஆம் நாள் இறுதியாட்டத்தின் கடைசி நொடியில் 48 யார் தூரத்திலிருந்து வெற்றி உதையை உதைத்தார். 2004 பெப்ரவரி முதலாம் நாள் இறுதியாட்டத்தையும் 41 யார் உதையால் முடித்துவைத்தார். ஆனால் இம்மூன்றாவது ஆட்டத்தில், அதற்கு முன்னர் அவரது உதைகள் இரண்டு பயனற்றுப் போயின. ஒன்று இலக்குத் தவறியது, மற்றொன்று தடுக்கப்பட்டது. அவ்விரண்டும் நிறைவேறியிருப்பின் இறுதி உதைக்குத் தேவையே எழுந்திராது. முன்னர் தவறி ஈற்றில் வென்றவர் வீரர். முன்னர் வென்று ஈற்றில் தவறியவர் பழியாளர். தவறு ஒன்றே; அது நிகழ்ந்த நேரமே வேறு.

இலண்டன் 1948

இவ்வுண்மையை நமக்கு அணித்தான ஒரு வரலாற்றிலும் காணலாம். உதைபந்தாட்டத்தில் 'பீல்ட் கோல்' இல்லை. ஆனால் தண்ட உதை உண்டு. அயர்லாந்தின் ஆர்மா மாவட்டத்து மில்போர்ட் எனும் ஊரைச் சேர்ந்த வில்லியம் மக்றம் என்பவரே அதனை 1890இல் முன்மொழியக் காரணமானவர். அவர் ஒரு கோல் காப்பாளர் என்பது சுவையான செய்தி. கனவான்கள் வேண்டுமென்றே தவறிழைப்பார்களா என எதிர்ப்பு எழுந்தபோதும், 1891 ஜூன் மாதத்தில் அது விதியாயிற்று. நான்கில் மூன்றுக்கு மேற்பட்ட தண்ட உதைகள் கோலாகின்றன. எனவே, அடித்தவரை எவரும் பெரிதாகப் போற்றுவதில்லை. தவறவிட்டவரை எவரும் மறப்பதில்லை.

1948 ஜூலை 31ஆம் நாள், இலண்டன் ஒலிம்பிக் போட்டியில், சுதந்திர இந்தியாவின் உதைபந்தாட்ட அணி தன் முதலாவது ஒலிம்பிக் ஆட்டத்தை இல்பர்ட் மைதானத்தில் பிரான்சுக்கு எதிராக ஆடியது. அணியின் தலைவர் நாகர் இனத்தைச் சேர்ந்த தலிமெரன் ஆவோ. ஆட்டக்காரரிற் பெரும்பாலோர் சப்பாத்து அணியாது வெறுங்காலோடு ஆடினர். 30ஆவது நிமிடத்தில் பிரான்சு முந்தியது. 70ஆவது நிமிடத்தில் சாரங்கபாணி ராமன் கோல் அடித்து ஆட்டத்தைச் சமப்படுத்தினார். சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் உதைபந்தாட்டக் கோல் இவ்வாறு தமிழ்ப் பெயர் தாங்கிய ஒருவரால் அடிக்கப்பட்டது. ஆயினும் 89ஆவது நிமிடத்தில் பிரான்சு மீண்டும் ஒரு கோல் அடித்து 2க்கு 1 என வென்றது.

இத்தோல்வி எவ்வாறு நினைவிற் கொள்ளப்படுகிறது? இந்தியாவுக்கு அன்று இரு தண்ட உதைகள் கிடைத்தன. சைலேன் மன்னா ஒன்றையும் மகாபீர் பிரசாத் மற்றொன்றையும் தவறவிட்டனர். அவ்விரண்டுமே தோல்விக்குக் காரணம் எனப் பேசப்படுகின்றது. இக்கூற்று முற்றிலும் பொய்யன்று. அவற்றுள் ஒன்று கோலாகியிருப்பினும் முடிவு மாறியிருக்கக்கூடும். ஆனால் அது முழு உண்மையும் அன்று. ஈற்று நிமிடத்தில் எதிரணியைத் தடுக்கத் தவறியமையும் அதே அளவு காரணமே. மேலும், ஐரோப்பிய அணியொன்றுக்கு நிகராக, வெறுங்காலோடு, 89 நிமிடங்கள் நின்று பிடித்த திறனை அவ்விரு உதைகள் மறைத்துவிட்டன. ராமனின் கோலையும் அவை மறைத்துவிட்டன என்பது நாம் சிறப்பாகக் கவனிக்க வேண்டியது.

மன்னாவை அவரது நாடு கைவிடவில்லை. மூன்று ஆண்டுகளின் பின், 1951இல் தில்லியில் நடைபெற்ற முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில் அவரே இந்திய அணியின் தலைவர். இறுதியாட்டத்தில் ஈரானை 1க்கு 0 என வென்று அவ்வணி தங்கப் பதக்கம் பெற்றது. தண்ட உதையைத் தவறவிட்டவனைத் தலைவனாக்குவது ஓர் அணி தன்னைத்தானே அறிந்துகொண்டமைக்கு அறிகுறியாகும்.

திருவுளச்சீட்டும் சமநிலை தவிர்ப்பும்

தண்ட உதை தனியொருவர்மேல் இத்துணைச் சுமையை ஏற்றுமாயின் அதனை ஏன் பெருக்க வேண்டும் என வினவலாம். இதற்கு விடை 1968இல் உள்ளது. அவ்வாண்டு ஐரோப்பியக் கிண்ண அரையிறுதியில் இத்தாலியும் சோவியத் ஒன்றியமும் கோலின்றிச் சமநிலையில் முடிக்க, நாணயம் சுண்டி இத்தாலி தெரிவு செய்யப்பட்டது. அதே ஆண்டு மெக்சிக்கோ ஒலிம்பிக்கிலே, பல்கேரியாவோடு சமநிலை கண்ட இஸ்ரேல் அணி திருவுளச்சீட்டினால் வெளியேறியது. இதனால் மனம் வருந்திய இஸ்ரேலிய அலுவலர் யோசெப் தகான், சமநிலையை உதைகளால் தீர்க்கும் முறையை முன்வைத்தார். 1970 ஜூனில் அது ஏற்கப்பட்டது. 1976 ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில் செக்கோஸ்லோவாக்கியாவின் அந்தோனின் பனென்கா, கோல் காப்பாளர் ஒருபுறம் சாய, பந்தை மெல்ல நடுவே தூக்கிவிட்டு மேற்கு ஜேர்மனியை வென்றது இம்முறையின் புகழ்பெற்ற நிகழ்ச்சியாகும்.

ஆகவே, சமநிலை தவிர்ப்பு உதை என்பது தலைவிதியின் இடத்தில் மனித முயற்சியை வைத்த ஓர் ஏற்பாடு. சீட்டில் தோற்றவனுக்குப் பழியில்லை; ஆனால் அவனுக்கு வாய்ப்பும் இல்லை. உதையில் வாய்ப்புண்டு, அதனோடு பழியும் உண்டு. விதியை விட்டு முயற்சியைத் தேர்ந்தவர், முயன்று தவறியவனைப் பொறுக்கும் கடப்பாட்டையும் ஏற்றாக வேண்டும். விதி மாறியது, நம் மனம் அதற்கேற்ப மாறிற்றா என்பதே வினா.

நம் நாட்டின் உதைபந்தாட்ட வரலாற்றிலும் இவ்வகை முடிவுகள் உள. 1995இல் கொழும்பில் நடைபெற்ற தெற்காசியக் கிண்ண இறுதியாட்டத்தில், மேலதிக நேரத்தில் விழுந்த ஒரே கோலினால் இலங்கை இந்தியாவை வென்றது. 2024 செப்டெம்பரில் ஆசியக் கிண்ணத் தகுதிகாண் சுற்றில் இலங்கையும் கம்போடியாவும் கொழும்பில் 0க்கு 0 எனவும், புனோம் பென் நகரில் 2க்கு 2 எனவும் சமநிலை கண்டன. சமநிலை தவிர்ப்பு உதைகளில் இலங்கை வென்றது. அண்மைக்கால இலங்கை அணியில், புலம்பெயர்ந்த குடும்பங்களிற் பிறந்து வேற்று நாடுகளில் ஆட்டம் பழகிய இளைஞர் பலர் இடம்பெற்றமை நோக்கற்பாலது. ஹங்கேரி அகதியின் பாதம் அமெரிக்க ஆட்டத்தை மாற்றியதைக் கண்டோம். இங்கே பெயர்ந்து சென்றோரின் பிள்ளைகள் தம் முன்னோர் நாட்டுக்காக உதைக்கத் திரும்பி வருகின்றனர்.

கற்சிலைமடுக் கல்லும் கிளித்தட்டும்

வன்னி வரலாற்றை இவ்வொளியில் நோக்குவோம். கற்சிலைமடுவில் ஆங்கிலேயர் நாட்டிய கல், 1803 ஒக்டோபர் 31ஆம் நாள் கப்டன் வொன் டிறிபேர்க் பண்டாரவன்னியனைத் தோற்கடித்தான் எனக் கூறியது. ஒரு நாள், ஓர் இடம், ஒரு முடிவு. கல் அவ்வளவே அறியும். அதே ஆண்டு ஓகஸ்டில் முல்லைத்தீவுக் கோட்டையை வன்னியன் கைப்பற்றியதையோ, பின்னர் அவனை நெருக்குதற்கு ஆங்கிலப் படைகள் வெவ்வேறு திசைகளிலிருந்து ஏவப்பட்டதையோ அக்கல் கூறவில்லை. கற்சிலைமடு நிகழ்ச்சியை மட்டும் கொண்டு வன்னியின் வீழ்ச்சியை விளக்க முனைவோர், ஆட்டத்தின் நாற்பது நிமிடங்களை விட்டு இறுதி உதையை மட்டும் கண்டோரையே ஒப்பர். அதற்குப் பிற்பட்ட காலத்துக்கும் இவ்விதியே பொருந்தும். 2009ஆம் ஆண்டின் இறுதி மாதங்களையும் செட்டிகுளத்து முகாம்களையும் கண்டறிந்த ஒரு தலைமுறைக்கு, 'யாரால் வந்தது?' எனும் வினா ஏட்டுச் சுரைக்காய் அன்று. அவ்வினாவுக்கு ஒரு பெயரை மட்டும் விடையாகத் தருவோரை ஐயுற வேண்டும்; நீண்ட காரணத் தொடரைப் பொறுமையோடு விரிப்போரையே செவிமடுக்க வேண்டும்.

நம் மண்ணின் விளையாட்டே இதனை நமக்குக் கற்பித்துள்ளது. கிளித்தட்டில் கோடுகள் யாவற்றையும் கடந்து மீண்டு வருபவன் ஒருவனே. ஆயினும் அவன் கடந்து வந்தமை, கிளியைத் தம்பால் இழுத்து வைத்துப் போக்குக் காட்டிய ஏனையோரால் என்பதை ஆடுவோர் அனைவரும் அறிவர். தனியொருவனின் ஓட்டத்தில் குழுவின் பங்கைக் காணும் அப்பார்வை, உதைபந்து மைதானத்தை அடைந்ததும் நம்மை விட்டு அகன்றுவிடுதல் முறையன்று. முல்லைத்தீவுக் கரையோரத்திலும், கிளிநொச்சி, வவுனியா பாடசாலை மைதானங்களிலும் மாலை நேரங்களில் உதைபந்தாடும் சிறுவர் சிறுமியருள் எவரேனும் ஒருவர் ஒருநாள் சமநிலை தவிர்ப்பின் ஈற்று உதையைத் தவறவிடத்தான் போகின்றனர். அவரைத் தேற்றுதல் அன்பின்பாற்பட்டது. அவர்மேல் முழுப் பழியையும் ஏற்ற மறுத்தலோ அறிவின்பாற்பட்டது.

தொகுத்து நோக்கின், இறுதி உதை ஆட்டத்தின் முடிவை அறிவிக்கிறது. அதன் காரணத்தை அறிவிப்பதில்லை. நோர்வூட்டை அழைத்து ஆரவாரித்த பஃபலோ மக்களும், மன்னாவைத் தலைவனாக்கிய இந்திய அணியும் இதனை உணர்ந்திருந்தனர். காரணங்களைத் தேடுவதே தொழிலாகக் கொண்ட பல்கலைக்கழகத்தினர் அவர்களிலும் குறைவாக உணர்தல் ஆகாது. உதைத்தவனின் பெயரை எழுதுவது எவர்க்கும் எளிது. அவன் பாதத்தருகே பந்தைக் கொண்டுவந்து சேர்த்த அனைவரையும், கொண்டுவரத் தவறிய அனைவரையும் தேடி எழுதுவதே வரலாறு.